ஒளி தரும் கல்

நாகம் உமிழ்ந்த மணி இருளிற் சுடர்விடும் என்று பாட்டிமார் கதை சொல்வர். அம்மணியைக் கண்டவர் எவருமிலர். ஆயினும், ஒளி தரும் கல்லொன்று நம் இலங்கை மண்ணிலேயே உண்டு.

தோரியனைற்று என்பது அதன் பெயர். பின்னாளிற் கலைமேதையாகப் புகழ்பெற்ற ஆனந்த குமாரசுவாமி, இலங்கைக் கனிப்பொருள் ஆய்வுக்குத் தலைவராயிருந்தபோது, 1904ஆம் ஆண்டில் அதனைக் கண்டறிந்தார். கரிய, கனத்த கல், தானாக மின்னாது. ஆனால் அதில் மிகுந்துள்ள தோரியம் ஒட்சைட்டு, சுடரிற் காய்ந்தால் வெண்ணிலவாய் ஒளிரும். பெற்றோமக்ஸ் விளக்கின் மென்டில் அந்த ஒட்சைட்டால் ஆனதே. மின்சாரம் எட்டாத நாளில், கல்லடியின் கலியாணப் பந்தலுக்கும் கோயில் திருவிழாவுக்கும் அவ்விளக்கே நிலவு.

எனினும் மாணவர்களே, தோரியம் கண்ணுக்குப் புலனாகாத கதிர்களையும் வீசுவது. அதனாலேயே பிற்காலத்து மென்டில்கள் பலவற்றில் வேறு பொருள் இடம்பெற்றது. வீட்டில் பழைய மென்டில் இருப்பின், அதனை உதிர்த்து விளையாடாதீர்கள். அதன் தூள் மூச்சோடு உட்செல்லலாகாது.

கதையில் வரும் மணி அதிர்ஷ்டசாலிக்குக் கிட்டும். இக்கல்லோ, ஆராய்ந்தவனுக்கே தன் ஒளியையும் காட்டிற்று; தீமையையும் காட்டிற்று.