பதிவாகாத குத்தகை

ஓராண்டுக்கு மேற்பட்ட காலத்துக்கு நிலத்தையோ கட்டடத்தையோ குத்தகைக்கு விடுவதானால் பதிவு செய்யப்பட்ட ஆவணம் கட்டாயம் என்று 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் 107ஆம் பிரிவில் விதித்திருந்தும், முத்திரைத் தீர்வையை மிச்சப்படுத்த எண்ணி, பதிவில்லாத தாளிலேயே ஐந்தாண்டு, பத்தாண்டு ஒப்பந்தங்களை எழுதிக்கொள்ளும் பழக்கம் நீடிக்கிறது (நகரங்களின் பதினொரு மாத ஒப்பந்தமும் இந்தப் பிரிவைத் தவிர்க்கக் கண்ட வழிதான்). பின்னாளில் நிலத்தின் விலை ஏறியதும், அதுவரை வாடகையை வாங்கிவந்த உரிமையாளரே ஆவணம் செல்லாது என்றும், குத்தகைதாரர் அத்துமீறி இருப்பவர் என்றும் வாதிடுவது நேர்மையற்றது. கேரளத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2000ஆம் ஆண்டில் இவ்வாதத்தை ஏற்காமல், இடத்தை ஒப்படைத்து வாடகை பெற்ற நடத்தையிலிருந்தே குத்தகை உறவு பிறக்கும் என்றது. ஆயினும் அவ்வாறு பிறப்பது மெலிந்த உறவே. வேளாண்மைக்கோ உற்பத்திக்கோ அல்லாத குத்தகையை 106ஆம் பிரிவு மாதாந்தரக் குத்தகையாகக் கருதுவதால், பதினைந்து நாள் அறிவிப்பில் அதை முடித்துவிடலாம். தாளில் எழுதிய ஐந்தாண்டைக் காட்டி எதிர்க்கவோ, பதிவுச் சட்டத்தின் 49ஆம் பிரிவு இடம் தருவதில்லை. ஐந்தாண்டை நம்பிப் பணத்தைக் கொட்டியவர்தான் இதில் பெரிதும் இழக்கிறார்: தாம் நிறுவியவற்றை அகற்றிக்கொள்ளும் உரிமையைச் சொத்து மாற்றச் சட்டத்தின் 108ஆம் பிரிவு அளித்தாலும், கொட்டகையைப் பிரித்து எடுத்துச்செல்பவரால் ஆழ்துளைக் கிணற்றை எடுத்துச்செல்ல இயலாது.