பள்ளி கைவிட்ட பையன்

பிரெஞ்சுத் திரைப்பட நெறியாளரும் திரைக்கதையாசிரியருமான பிரான்சுவா த்ரூபோ, 1932ஆம் ஆண்டு பாரிஸ் நகரிற் பிறந்தவர். பள்ளிக்கு ஒளித்துப் படமாளிகையே கதியென்று கிடந்த இவர், 14 வயதிலேயே படிப்பை நிறுத்திவிட்டார். பின்னர் சினிமாக் கழகமொன்றை நிறுவிக் கடன்பட்டார். வளர்ப்புத் தந்தையே அவரைப் பொலிஸாரிடம் ஒப்படைத்தார். இளங் குற்றவாளிகளுக்கான நிலையமொன்றில் அடைக்கப்பட்டார்.

அவரை மீட்டவர் அந்திரே பாஸான் என்னும் திறனாய்வாளர். திக்குவாய் காரணமாக ஆசிரியத் தொழில் மறுக்கப்பட்டவர் இவர்! பின்பு த்ரூபோ இராணுவத்திலிருந்து ஓடிப்போக முயன்று சிறைப்பட்டபோதும் பாஸானே கைகொடுத்தார். தமது சஞ்சிகையில் எழுதவும் வைத்தார். அங்கு த்ரூபோ எழுதிய விமர்சனங்களின் காரம் பொறாமல், 1958இல் கான் திரைப்பட விழாவினர் அவருக்கு இடமளிக்க மறுத்தனர்.

அடுத்த ஆண்டு அதே விழாவிற் சிறந்த நெறியாளர் பரிசு அவருக்கே கிடைத்தது. படத்தின் பெயர் 'நானூறு அடிகள்'. பிரம்படியென எண்ணவேண்டாம், குறும்பெல்லாம் செய்து தீர்த்தல் என்பதே அம் மரபுத்தொடரின் பொருள். பெரிதும் த்ரூபோவின் சொந்தக் கதையே அது. நாவலாசிரியர் பால்சாக்கைத் தெய்வமாகப் போற்றும் சிறுவன் அந்துவான், தன் நெஞ்சிற் பதிந்த அவருடைய பகுதியொன்றைக் கட்டுரையில் எழுதிவிடுகிறான். களவென்று கண்டித்து ஆசிரியர் அவனை வெளியேற்றுகிறார். களவுதான், ஆயினும் ஒரு சிறுவன் ஒரு நூலை அவ்வளவு நேசித்தான் என்பது அவர் கண்ணிற் படவில்லை. கொப்பி திருத்தும் எம்மனோர்க்கு இக்காட்சி எளிதிற் செரிப்பதன்று.

இப்படத்தின் படப்பிடிப்புத் தொடங்கிய மறுநாளே பாஸான் காலமானார். வயது 40. படம் அவர் நினைவுக்கே காணிக்கையாக்கப்பட்டது.

பின்னர் ஒஸ்கார் பரிசும் பெற்று, 1984இல் 52ஆவது வயதில் மறைந்த த்ரூபோவின் ஏனைய படங்களுள் மாணவரும் பெற்றோரும் ஒருங்கிருந்து காணத்தக்கது 'காட்டுச் சிறுவன்' (1970). காட்டில் அகப்பட்ட, பேச்சறியாச் சிறுவனுக்குக் கல்வி புகட்ட முயலும் மருத்துவர் இத்தாரின் உண்மைக் கதை இது. மருத்துவராகத் த்ரூபோவே நடித்தார். அந்துவானாக நடித்த ழான் பியேர் லெயோவுக்குப் படத்தைக் காணிக்கையாக்கினார். அதிலே மருத்துவர், பாடத்தைச் சரியாகச் செய்த சிறுவனை வேண்டுமென்றே தண்டிக்கிறார். அவன் சீறியெழுந்து அவர் கையைக் கடிக்கிறான். அநீதியை அநீதியென அவன் உணர்ந்துகொண்டான் என்று மகிழ்ந்து அவனை அணைத்துக்கொள்கிறார் அவர்.