சீனமும் நாமும்

கொழும்பு நூதனசாலையிலே ஒரு கல் உண்டு. 1911 ஆம் ஆண்டு காலி நகரிலே கண்டெடுக்கப்பட்டது. சீனம், தமிழ், பாரசீகம் ஆகிய மும்மொழிகளிலும் எழுத்துப் பொறிக்கப்பெற்றது. மிங் வமிசத்துப் பேரரசன் ஆணையால் 1409 ஆம் ஆண்டுத் திகதியிட்டு, கடற்படைத் தலைவன் செங் ஹே இத்தீவுக்குக் கொணர்ந்தது. சீனப் பகுதி புத்தபிரானையும், தமிழ்ப் பகுதி தெவிநுவரையில் எழுந்தருளியிருந்த தென்னாவர நாயனாரையும் போற்றிக் காணிக்கைகளை நிரல்படக் கூறுகின்றது. அறுநூறு ஆண்டுகளுக்கு முன் கடல் கடந்து வந்த ஒரு வல்லரசு, இலங்கையில் யாரோடு பேசவேண்டும், எம்மொழியிற் பேசவேண்டும் என்று விசாரித்தறிந்து, நம் மொழியிலே கல்வெட்டிக் கொண்டுவந்தது என்பது சிறிய செய்தியன்று.

கதையின் மறுபாதியையும் சொல்லிவிடுதல் வேண்டும். அதே செங் ஹே இத்தீவிலே போர்புரிந்து, அழகேசுவரனைச் சிறைபிடித்து, 1411 இல் சீனத்துக்குக் கொண்டுசென்றான். பேரரசன் பின்னர் அவனை விடுவித்தான் என்பது உண்மையே. ஆயினும் பட்டும் படையும் ஒரே மரக்கலத்தில் வந்தன என்பதும் உண்மையே.

இனி 2021 ஆம் ஆண்டுக்கு வருவோம். கொழும்பிலே சட்டமா அதிபர் திணைக்களத்தில் சீன உதவியால் அமைந்த நூலகம் ஒன்றிற்கு நாட்டிய பெயர்ப்பலகையிலே சிங்களம் இருந்தது, ஆங்கிலம் இருந்தது, சீனமும் இருந்தது. தமிழ் மட்டும் இல்லை. கண்டனம் எழுந்தபின் அப்பலகை அகற்றப்பட்டது. அதனை எழுதுவித்தவர் சீனரா, நம் நாட்டு உத்தியோகத்தரா என்ற ஆராய்ச்சியில் நாம் இறங்கவில்லை. காலிக் கல்லுக்கும் கொழும்புப் பலகைக்கும் இடையே, இத்தீவில் யாரைக் கருதினாற் போதும் என்ற சீனத்தின் கணக்கு மாறிவிட்டது என்பதையே சொல்ல வருகின்றோம்.

இக்கணக்கு ஒரே நாளில் மாறியதன்று. 1952 இல் இலங்கை அரிசியின்றித் தவித்தது. இறப்பரின் விலையோ வீழ்ந்துகொண்டிருந்தது. அவ்வேளையில் வர்த்தக மந்திரி ஆர். ஜி. சேனநாயக்கா பீக்கிங் சென்று முடித்த உடன்படிக்கை ஐந்தாண்டுகளுக்கானது. ஆண்டொன்றுக்கு 2,70,000 தொன் அரிசி வரும். 50,000 தொன் இறப்பர் போகும். இறப்பருக்குச் சந்தை விலையிலும் கூடிய விலை கிடைத்தது. அமெரிக்கா முகஞ்சுளித்து உதவியை மறுத்தது. அக்காலத்துச் சீனமும் நம்மைப் போலவே வறிய நாடு. கொரியப் போரில் அகப்பட்டு, வாங்குவார் விற்பார் இன்றி நின்றது. வறியவர் இருவர் செய்துகொண்ட பண்டமாற்று அது. அவ்வரிசியைக் கூப்பன் புத்தகத்தோடு வாங்கியுண்டு வளர்ந்த மூத்த பழைய மாணவர் நம்மிடையே இன்றும் உளர்.

அரிசிக்குப் பின் கருத்து வந்தது. 1964 இல் இலங்கைக் கம்யூனிஸ்டுக் கட்சி மொஸ்கோப் பிரிவென்றும் பீக்கிங் பிரிவென்றும் பிளந்தபோது, பீக்கிங் பிரிவுக்குத் தலைவராயிருந்தவர் யாழ்ப்பாணத்தவரான நா. சண்முகதாசன். குடாநாட்டிலே 1966 இற் சுன்னாகத்திலிருந்து புறப்பட்ட ஊர்வலத்திலும், தேநீர்க்கடைப் போராட்டங்களிலும், 1968 இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலிலும் முன்னின்றவர் அப்பிரிவினர். கோயில் வாயிலை அடைத்து நின்றோரும் நம்மவரே. படித்தோரும் அவருள் இருந்தனர். மலர் வெளியீட்டிலே இதனை நினைவூட்டுதல் சிலர்க்குக் கசக்கலாம். எனினும் நம் ஊரிற் சீனத்தின் பெயர் ஒருகாலத்தில் எதனோடு சேர்த்து உச்சரிக்கப்பட்டது என்பதை மறைத்து எழுதுவது நேர்மையாகாது.

பின் நடந்ததைப் பாருங்கள். 1971 இல் தெற்கே இளைஞர் கிளர்ச்சி மூண்டபோது சண்முகதாசன் கொழும்பில் தடுத்து வைக்கப்பட்டார். அதே ஆண்டில் சீனப் பிரதமர் சூ என்லாய் கிளர்ச்சியைக் கண்டித்துச் சிறிமாவோ அம்மையாருக்குக் கடிதம் எழுதி, 15 கோடி ரூபாவை வட்டியில்லாக் கடனாகவும் கொடுத்தார். பீக்கிங்கை நம்பியவர் சிறையில். பீக்கிங்கின் பணமோ சிறைவைத்த அரசின் திறைசேரியில்! எழுகின்ற வல்லரசொன்று கருத்தை விட்டு அரசைப் பற்றிக்கொள்ளும் தருணத்தை இதனினும் தெளிவாகக் காட்டும் நிகழ்ச்சி வேறொன்று இருப்பதாக எமக்குத் தோன்றவில்லை.

அதுமுதல் சீனம் இத்தீவில் அரசு ஒன்றையே கண்டுவருகின்றது. 1954 இற் பாரதமும் சீனமும் உடன்பட்ட பஞ்சசீலக் கோட்பாட்டில், பிறர் உள்விவகாரத்திலே தலையிடாமை என்பது ஒன்று. எட்டாண்டுக்குள் அவ்விரு நாடுகளும் இமயத்திற் போர்புரிந்தமை வேறு கதை. தலையிடாமை சிறிய நாட்டுக்குப் பெரிய நாட்டிடமிருந்து காப்பளிக்கும் வேலி. அதனை நாம் பழிக்கமாட்டோம். ஆனாற் சிறிய நாட்டுக்குள்ளே வாழும் சிறிய மக்களுக்கோ அதே வேலி, வெளியே குரல் போகாதவாறு அடைத்த சுவராகின்றது. 2009 இல் வன்னியிற் போர் இறுதிக்கட்டத்தை அடைந்தபோது, அது பாதுகாப்புச் சபையின் நிகழ்ச்சிநிரலில் முறைப்படி ஏறாதவாறு தடுத்த நாடுகளுட் சீனமும் ஒன்று. 2012 இல் ஜெனீவாவிலே இலங்கை பற்றிய தீர்மானத்தைப் பாரதம் ஆதரித்தது, சீனம் எதிர்த்தது. 2021 இலும் சீனம் எதிர்த்தே வாக்களித்தது. அம்முறை பாரதம் வாக்களியாது ஒதுங்கிக்கொண்டது. இரு நாடுகளையும் ஒருங்கே நோக்குவோர் இப்பின்குறிப்பை மறத்தலாகாது.

அம்பாந்தோட்டைத் துறைமுகம் 2017 இல் 99 ஆண்டுக் குத்தகைக்குச் சீனக் கம்பனியிடம் போனதைப் பலரும் எழுதிவிட்டனர். நாம் விரிக்கவில்லை. ஒன்று மட்டும் கூறுவோம்: 2022 இல் நாடு கடன் தீர்க்க மாட்டாது முறிந்தபோது, அந்நியக் கடனில் யாவற்றினும் பெரிய பங்கு பன்னாட்டுச் சந்தையில் விற்ற முறிகளுடையது. எல்லாப் பழியையும் சீனத்தின் தலையிற் சுமத்துதல் கணக்கறியாதார் செயல்.

நமக்கு அண்மையது நம் தீவுகளின் கதை. நெடுந்தீவு, நயினாதீவு, அனலைதீவு ஆகிய மூன்றும் டீசல் மின்பிறப்பாக்கிகளை நம்பியிருந்தவை; எண்ணெயும் கடல் வழியே போகவேண்டும். அங்கே சூரியனையும் காற்றையும் கொண்டு மின்சாரம் ஆக்க, ஆசிய அபிவிருத்தி வங்கியின் கடனுதவியோடு ஒரு திட்டம் வகுக்கப்பட்டது. 2021 சனவரியில் மந்திரிசபை அதனைச் சீனக் கம்பனிக் கூட்டொன்றுக்கு அளித்தது. நெடுந்தீவுக்கும் இராமேசுவரத்துக்கும் இடையே ஏறத்தாழ 50 கிலோமீற்றர். பாரதம் ஆட்சேபித்தது. அவ்வாண்டு திசம்பர் முதலாந் திகதி, மூன்றாந் தரப்பொன்றின் பாதுகாப்புக் கவலையால் திட்டம் நிறுத்தப்பட்டதெனச் சீனத் தூதரகம் அறிவித்தது. கம்பனி மாலைதீவிலே வேறு தீவுகளுக்கு ஒப்பந்தம் செய்துகொண்டது. 2022 மார்ச்சில் பாரதத்தின் நன்கொடையாக அதே திட்டத்துக்குப் புதிய உடன்பாடு கைச்சாத்தாயிற்று. 2024 மார்ச்சிலேதான் வேலை பெங்களூர்க் கம்பனி ஒன்றிடம் ஒப்படைக்கப்பட்டது: சூரியனால் 1,700 கிலோவாற்று, காற்றால் 530 கிலோவாற்று. மூன்றாண்டுகள் கழிந்தன. ஊர் இரண்டுபட்டாற் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்பர். கொழும்பு அரசு அக்கூத்தைக் கற்றுத் தேறியது. விளக்கை எதிர்பார்த்த தீவாருக்கு அதில் என்ன கொண்டாட்டம்?

பாரதத்தின் அச்சம் வீணென்று சொல்லோம். 2022 ஆகஸ்டில் யுவான் வாங் 5 என்ற கப்பல் அம்பாந்தோட்டையில் வந்து நின்றபோது அதனை எல்லாரும் கண்டனர். கொடையாக வந்த மின்சாரம் கடனாக வருவதினும் நன்று என்பதும் எம் கருத்தே. எம்முடைய குறை வேறு. கொடுக்கப்பட்டபோதும், தடுக்கப்பட்டபோதும், திரும்பக் கொடுக்கப்பட்டபோதும் குறிகட்டுவான் துறையிலே வள்ளத்துக்குக் காத்துநிற்கும் ஒருவரையாவது கேட்டு முடிவு செய்ததாக நாம் அறியோம்.

திட்டம் நின்ற அதே திசம்பரிலே சீனத் தூதுவர் யாழ்ப்பாணம் வந்தார். வேட்டியுடுத்து, மேலாடையின்றி நல்லூரிலே வழிபட்டார். பொது நூலகத்துக்கும் பருத்தித்துறைக்கும் சென்றார். நம்மவரிற் சிலர் மனங்குளிர்ந்தனர், சிலர் உளவு பார்க்க வந்தாரென்றனர். நாமோ அதனை வரவேற்கின்றோம். செங் ஹேயைப் போலவே அவரும் யாரோடு பேசவேண்டும் என்று விசாரித்தறிந்து வந்திருக்கின்றார். அரசையன்றி வேறெவரையும் காணாத ஒரு நாடு, நல்லூர் வாயில்வரை வந்தமை நல்லதே. ஆனால் வந்தவரிடம் கேட்கத்தக்க கேள்விகளை நாம் தயாராக வைத்திருந்தோமா? ஜெனீவா வாக்கைப் பற்றி, தமிழ் விடுபட்ட பலகையைப் பற்றி, நம் கடலில் முளைத்த அட்டைப் பண்ணைகளைப் பற்றி மீனவர் கூறும் முறைப்பாட்டைப் பற்றி?

கேட்பதற்கு அறிவு வேண்டும். பொறியியலாளரும் வைத்தியரும் கணக்காளருமாக உலகெங்கும் பரந்திருக்கும் நம் பழைய மாணவருள், சீன மொழியை வாசிக்க வல்லார் எத்தனை பேர்? லண்டனிலும் ரொறன்ரோவிலும் கிளைச்சங்கம் அமைத்துப் பணம் சேர்க்கும் நாம், மாணவர் ஒருவரையோ இருவரையோ அம்மொழியும் அந்நாட்டு வரலாறும் கற்பிக்க அனுப்புதல் பெருஞ்செலவன்று. மேல்வகுப்பு மாணவர் கொழும்புக்குச் சுற்றுலாச் செல்லும்போது நூதனசாலைக்கும் அழைத்துச் செல்லுமாறு ஆசிரியப் பெருமக்களை வேண்டுகின்றோம். அக்கல்லிலே எழுத்துத் தேய்ந்திருக்கிறது. தமிழ்ப் பகுதியைப் பிள்ளைகள் சற்றுக் குனிந்து பார்க்கவேண்டியிருக்கும்.