மலைக்கு மேலே இருப்போரின் பெயர் எந்தப் பட்டியலில்?

அணைக்கட்டு ஒன்று எழும்போது யாருடைய காணி போகிறது என்பதைக் கண்ணால் காணலாம். நில அளவையாளர் வருகிறார், கல் நடுகிறார், பிரதேச செயலகத்திலிருந்து கடிதம் வருகிறது. நட்டஈடு போதாது, காலந்தாழ்த்தி வந்தது, மாற்றாகக் கொடுத்த காணியில் தண்ணீர் இல்லை என்று எத்தனை குறைகள் இருந்தாலும், இன்ன குடும்பம் இன்ன இடத்திலிருந்து எழுப்பப்பட்டது என்பதற்கு ஒரு பட்டியலாவது இருக்கும். எமது வாசகர்களுள் பலர் அத்தகைய பட்டியலில் பெயர் இருந்தவர்களே. ஆனால் அணையிலிருந்து மின்நிலையத்துக்குத் தண்ணீர் கொண்டுபோகும் சுரங்கம் மலையைக் குடைந்து செல்லும்போது, அதற்கு மேலே குடியிருப்பவரின் பெயரை எழுதிக்கொள்ளும் தேவை காணிச் சட்டப்படி எவருக்கும் இல்லை. அவருடைய காணிதான் எடுக்கப்படவில்லையே! இந்த ஓட்டையைப் பற்றியே இம்முறை எழுதுகிறோம்.

மலையகத்தில் தேயிலை மட்டும் விளையவில்லை, மின்சாரமும் விளைகிறது. பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திர 1918இலேயே இம்மலைகளின் நீர்வீழ்ச்சியைக் கொண்டு மின்சாரம் எடுக்கலாம் என்று எழுத்தில் எடுத்துரைத்தார். லக்ஷபான மின்நிலையம் 1950இல் இயங்கத் தொடங்கியது. அறுபதுகளில் காசல்ரீ, மவுஸ்ஸாகலை நீர்த்தேக்கங்கள் வந்தன. பழைய மஸ்கெலியா நகரம் நீருக்குள் போயிற்று. வறட்சியில் நீர்மட்டம் இறங்கும்போது பழைய கோயிலின் கற்களை இன்றும் பார்க்கலாம். 1985இல் கொத்மலை. 2012இல் மேல் கொத்மலை. இத்தனைக்கும் நடுவில், தலைக்கு மேலே கம்பி போக, லயக் காம்பராவில் குப்பி விளக்கு எரிந்த காலம் எவ்வளவு நீண்டது என்பதை இங்குள்ள முதியவர்களிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம்.

முன்னைய திட்டங்களில் பெரிதாகத் தெரிந்தது அணையும் நீர்த்தேக்கமும். மேல் கொத்மலையில் அது தலைகீழாயிற்று. தலவாக்கலை அணையின் உயரம் 35 மீற்றர் அளவுதான். தேங்கும் நீரும் கொஞ்சம். ஆனால் அங்கிருந்து நியம்கம்தொரவில் நிலத்தடியில் உள்ள மின்நிலையம் வரை போகும் சுரங்கம் ஏறத்தாழ 13 கிலோமீற்றர். 150 மெகாவாட் திட்டம் இது. இடம்பெயர்க்கத் தீர்மானிக்கப்பட்ட குடும்பங்கள் 495. மத்திய சுற்றாடல் அதிகாரசபை முதலில் இதற்கு அனுமதி மறுத்தது. மேன்முறையீட்டின் பின்னர் 1998இல் நிபந்தனைகளோடு அனுமதித்தது. அந்த நிபந்தனைகளுள் ஒன்று, சென் கிளயார் நீர்வீழ்ச்சி வற்றிவிடாமல், பகல் பொழுதில் குறிப்பிட்ட அளவு தண்ணீரைத் திறந்துவிட வேண்டும் என்பது. நல்ல நிபந்தனைதான்; நாம் குறை சொல்லவில்லை. நீர்வீழ்ச்சி வீதியிலிருந்து தெரிகிறது. வெளிநாட்டார் படம் பிடிக்கிறார்கள். அதற்காக வாதாடவும் ஆட்கள் இருந்தார்கள். லயத்துக்குப் பின்னால் பாறையிடுக்கில் ஒழுகும் பீலிக்காக அப்படி வாதாடிய ஒருவரை நாம் இன்னும் காணவில்லை.

பீலி வற்றினால் என்ன நடக்கும் என்பதை ஊவா மக்கள் அனுபவித்து அறிந்திருக்கிறார்கள். உமாஓயா திட்டம் வெலிமடைப் பக்கத்தில் புஹுல்பொல, டயரபா என்னும் இரு இடங்களில் ஆற்றை மறித்து, 15 கிலோமீற்றருக்கு மேற்பட்ட சுரங்கத்தின் வழியே நீரைத் தெற்கே வெல்லவாயப் பக்கம் கொண்டுபோகிறது. 120 மெகாவாட் மின்சாரம். வறண்ட மொனராகலை, அம்பாந்தோட்டை வயல்களுக்குத் தண்ணீர். ஈரான் நாட்டு நிறுவனம் கட்டியது. 2008இல் அடிக்கல் நாட்டினார்கள். சுற்றாடல் அனுமதி கிடைத்தது அதற்குப் பிறகுதான். இந்த வரிசையைக் கவனியுங்கள்: முதலில் கல், பிறகு அனுமதி. அடிக்கல் நாட்டி முடிந்த திட்டத்தை ஓர் அதிகாரசபை எப்படி வேண்டாம் என்று சொல்லும்?

2014 டிசம்பரில் பண்டாரவளைக்குக் கீழே சுரங்கம் வெட்டும் இயந்திரம் நீர் நிறைந்த பாறை வெடிப்பு ஒன்றில் போய் முட்டியது. சுரங்கத்துக்குள் தண்ணீர் கொட்டியது. மேலே கிணறுகள் வற்றின, ஊற்றுகள் நின்றன, சுவர்கள் பிளந்தன. அடைத்தார்கள், மறுபடி வெட்டினார்கள், 2017இல் மறுபடியும் தண்ணீர் பாய்ந்தது. ஆயிரக்கணக்கான வீடுகளில் வெடிப்பு. மரக்கறித் தோட்டக்காரர் பவுசருக்காக வீதியில் வாளி வைத்துக் காத்திருந்தார்கள். அந்த ஆண்டு ஜூன் மாதம் பண்டாரவளையில் கடைகளை அடைத்து மக்கள் பெருந்திரளாக வீதிக்கு இறங்கிய பின்புதான் கொழும்பில் அமைச்சர்கள் இதைப் பற்றிப் பேசினார்கள். நோர்வே நாட்டு நிபுணர்களும் அழைக்கப்பட்டார்கள். பின்னர் சுரங்கம் முடிந்தது. 2024 ஏப்ரலில் திட்டம் திறந்துவைக்கப்பட்டது.

இதில் மாயம் ஒன்றும் இல்லை. நமது மலைப்பாறை கட்டியாக இருந்தாலும் அதற்குள் வெடிப்புகள் ஓடுகின்றன. மழைநீர் அவற்றில் இறங்கித் தங்குகிறது. அதுதான் கிணற்றிலும் பீலியிலும் வருவது. ஆழத்தில் ஒரு துளை போட்டால், அந்தத் துளை பெரிய வடிகானாகி மேலே தங்கியிருந்த நீரை இழுத்துக்கொள்கிறது. நீர் போன மண் இறுகி அமிழ்கிறது. அமிழும் மண்ணின் மேல் நிற்கும் வீடு வெடிக்கிறது. இதைத் தடுக்க வழியும் உண்டு. வெட்டுமுன் முன்பக்கத்தில் சிறு துளை போட்டுத் தண்ணீர் இருக்கிறதா என்று பார்ப்பது; இருந்தால் சீமெந்துக் கலவையை அமுக்கத்தோடு செலுத்தி வெடிப்பை அடைத்த பின்பே முன்னேறுவது. பணமும் நாட்களும் செலவாகும். அவசரத்தில் விட்டுப்போவது இதுதான்.

சேதம் வந்த பிறகு தொடங்குவது வேறொரு துன்பம். "உங்கள் சுவர் முன்பே வெடித்திருந்தது," "இந்த வருடம் மழை குறைவு," "உங்கள் கிணறு எப்போதும் கோடையில் வற்றுவதுதானே" என்று ஒவ்வொன்றாகப் பதில் வரும். சுரங்கம் வெட்டுவதற்கு முன் அந்தக் கிணற்றில் எத்தனை அடி தண்ணீர் இருந்தது என்று அளந்து வைத்த தாள் வீட்டுக்காரரிடம் இருக்காது. அளந்து வைத்திருக்க வேண்டியவர் திட்டக்காரர். நிரூபிக்க வேண்டியவராக நிற்பவர் வீட்டுக்காரர்.

தோட்டத்து மக்களுக்கு இதைவிடவும் ஒரு படி கீழே. 1950ஆம் ஆண்டின் காணி சுவீகரிப்புச் சட்டம் நட்டஈடு பெறத் தகுந்தவர் யார் என்று சொல்லும்போது உரிமையாளர், குத்தகைக்காரர், ஈடு பிடித்தவர் என்று அடுக்கிவிட்டு, மாத வாடகையில் இருப்பவர் அதில் அடங்கமாட்டார் என்கிறது. லயத்தில் இருப்பவர் மாத வாடகைக்காரர்கூட இல்லை. காணி அரச கூட்டுத்தாபனத்தினுடையது. 1992க்குப் பின் நிர்வாகம் கம்பனியினுடையது. நான்கு தலைமுறை மரக்கறி போட்ட துண்டு நிலம் மட்டும் யாருடையது என்று கேட்டால் பதில் இல்லை. பீலியோ எவருடைய பெயரிலும் இல்லை. அது வற்றினால் நட்டஈடு கேட்க உரியவரும் இல்லை. 2001இல் அரசாங்கம் ஏற்றுக்கொண்ட கட்டாய மீள்குடியேற்றம் பற்றிய தேசியக் கொள்கை, உறுதி இல்லாதவர்களும் நியாயமாக நடத்தப்பட வேண்டும் என்று தெளிவாகச் சொல்கிறது. அது கொள்கை, சட்டம் அல்ல. கச்சேரியில் மேசைக்கு முன்னால் நிற்கும்போது இந்த இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் நன்றாகத் தெரியும்.

கடலுக்கு அப்பாலும் ஒருமுறை பார்ப்போம். 1964ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின்பின் நம் உறவுகள் பலர் போய்ச் சேர்ந்த கோயம்புத்தூர்ப் பக்கத்தில் இதே போன்ற வழக்கொன்று நடந்தது. அங்கே நிலத்தடியில் போக இருந்தது எரிவாயுக் குழாய். கொச்சியிலிருந்து பெங்களூருக்குக் கெயில் நிறுவனம் திட்டமிட்ட குழாய், கோவை முதல் கிருஷ்ணகிரி வரை 7 மாவட்டங்களின் விளைநிலங்களைக் கடக்க வேண்டும். இந்தியாவின் 1962ஆம் ஆண்டுக் குழாய்வழிச் சட்டம் காணியை எடுப்பதில்லை. அடியில் குழாய் போடும் உரிமையை மட்டும் எடுக்கிறது. நிலம் விவசாயியின் பெயரிலேயே இருக்கும். ஆனால் அந்தக் கீற்றில் வீடு கட்டக்கூடாது, கிணறு வெட்டக்கூடாது, மரம் நடக்கூடாது. அதற்கு நிலப்பெறுமதியில் பத்து வீதம். தென்னை வைத்தவனுக்கு இது என்ன நியாயம் என்று விவசாயிகள் எழுந்தார்கள். 2013இல் தமிழக அரசு, குழாயை நெடுஞ்சாலை ஓரமாகக் கொண்டுபோங்கள் என்றது. 2016 பெப்ரவரியில் இந்திய உச்ச நீதிமன்றம் கெயிலுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது.

அந்தச் சட்டத்தை நாம் மெச்சவில்லை. ஆயினும் அதில் ஒன்று உண்டு: குழாய் எந்தெந்த நிலத்துக்கு அடியில் போகிறது என்பதை அளவை இலக்கத்தோடு வர்த்தமானியில் போட வேண்டும், 21 நாட்களுக்குள் ஆட்சேபம் சொல்லலாம். தோற்ற விவசாயிகூட, தன் நிலத்துக்கு அடியில் என்ன வருகிறது என்று தெரிந்தே தோற்றார். மலைக்கு அடியில் போகும் சுரங்கத்துக்கு அந்த அளவுகூட இங்கே இல்லை.

குழாய் போட்டு முடித்த பிறகும் அதைப் பார்த்துக்கொண்டிருக்க ஆள் வேண்டும். 2014 ஜூன் 27ஆம் திகதி ஆந்திராவின் நகரம் என்னும் ஊரில் கெயில் குழாய் வெடித்து இருபது பேருக்குமேல் மாண்டார்கள். ஈரம் நீக்கிய வாயுவுக்காகப் போட்ட குழாயில் ஈர வாயு போனது. குழாய் உள்ளிருந்தே அரித்தது. இந்தியாவில் 2006ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் இதற்கென ஒரு கட்டுப்பாட்டு வாரியம் இருந்த காலத்தில்தான் இது நடந்தது.

நாட்டுக்கு மின்சாரம் வேண்டாமா என்று சிலர் கேட்பார்கள். வேண்டும். 2022 மார்ச் இறுதியில் நாளொன்றுக்குப் பதின்மூன்று மணி நேரம் இருளில் இருந்தவர்கள் நாம். எண்ணெய்க்குக் கொடுக்க டொலர் இல்லாதபோது நம் மலையில் விழும் தண்ணீர்தான் கைகொடுக்கிறது என்பதை மறுக்கமாட்டோம். எந்தச் சுரங்கமும் வேண்டாம் என்பது எமது நிலைப்பாடு அல்ல. நாம் கேட்பது ஒரு பட்டியல். சுரங்கம் போகும் பாதையும் அதன் இருபுறமும் பாதிக்கப்படக்கூடிய நிலமும் வெட்டத் தொடங்குமுன் வர்த்தமானியில் வரட்டும். அதற்குள் உள்ள ஒவ்வொரு வீடும், லயக் காம்பராவும், கிணறும், பீலியும், உறுதி உண்டா இல்லையா என்று பாராமல் பதியப்படட்டும். தண்ணீர் குறைந்தால், அது சுரங்கத்தால் அல்ல என்று காட்டும் பொறுப்பு திட்டக்காரரிடம் இருக்கட்டும்.

அதுவரை காத்திருக்கவும் முடியாது. சுற்றாடல் தாக்க அறிக்கை ஒன்று வெளிவந்தால் தமிழ்ப் பத்திரிகை ஒன்றிலும் அறிவித்தல் வர வேண்டும். கருத்துச் சொல்ல 30 நாட்கள் உண்டு. 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி சுரங்கத்தின் வரைபடத்தைக் கேட்டு நீங்களே தமிழில் விண்ணப்பிக்கலாம். 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று அதிகாரி தீர்மானிக்க வேண்டும். பீலியில் ஒரு வாளி நிறைய எத்தனை நிமிடம் என்பதை மாதம் ஒருமுறை ஒரு கொப்பியில் திகதியோடு எழுதுங்கள்; கிணற்றில் கயிற்றை விட்டு அளந்து எழுதுங்கள். சுவர்களைப் படம் எடுத்து வையுங்கள். முடியுமானால் கிராம சேவகரின் கையொப்பத்தையும் அந்தக் கொப்பியில் வாங்கிக்கொள்ளுங்கள்.