பழங்கருவியில் புதுவாழ்வு

புதியது வந்ததும் பழையதைப் பரணில் ஏற்றுவது நம் காலத்தின் இயல்பாகிவிட்டது. ஆயினும், புதிய கருவிகள் கைவிட்ட ஆக்கங்களைப் பரணில் கிடந்த பழங்கருவியே காத்துத் தருமாயின், நம் எண்ணத்தைச் சற்றே மாற்றிக்கொள்ள வேண்டாவா? சோனி நிறுவனத்தின் 'பிளேஸ்டேஷன் வீட்டா' என்னும் கையடக்க விளையாட்டுக் கருவியின் வரலாறு இதனையே உணர்த்துகிறது. விளையாட்டுத்தானே என்று பெரியோர் இதனை ஒதுக்கிவிட வேண்டா. விலை கொடுத்து வாங்கிய பொருள் வாங்கியவர்க்கு எத்துணைக் காலம் உரியது என்னும் வினா இதனுள் பொதிந்துள்ளது.

வீட்டா 2011 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்தது. 5 அங்குலத் திரையும், பொத்தான்களும், இரு திசைக்கோல்களும், 512 மெகாபைட் நினைவகமும் அதற்கு உண்டு. கைபேசி விளையாட்டுகள் பெருகிய காலத்தில் அதனால் தழைக்க இயலவில்லை. 2019இல் ஜப்பானில் அதன் உற்பத்தி முடிவுற்றது.

காலத்தின் விந்தையைக் காணுங்கள்! அந்தக் கைபேசி விளையாட்டுகளே பின்னர் அதனுள் குடிபுகுந்தன. 2004இல் பிளேஸ்டேஷன் 2 கருவியில் வெளியான 'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: சான் ஆண்ட்ரியாஸ்' 2013இல் கைபேசிக்கு வந்தது. அக்கைபேசி வடிவத்தை 'தி ஃபுளோ' என்னும் புனைபெயர் கொண்ட நிரலாளர் 2021இல் வீட்டாவில் இயங்கச் செய்தார். 'மேக்ஸ் பெய்ன்' முதலிய பிறவும் அவ்வழியில் தொடர்ந்தன. இவ்விளையாட்டுகளின் வன்முறை இளையோர்க்கு ஏற்றதன்று. அதனை நாம் போற்றவும் இல்லை. நாம் போற்றுவது அவற்றைக் காத்த முறையையே.

இஃது எவ்வாறு இயன்றது? அக்கால ஆண்ட்ராய்டு கைபேசிகள் பலவும் வீட்டாவும் 'ஆர்ம்' குடும்பத்தைச் சேர்ந்த 32 பிட் மையச் செயலிகளைக் கொண்டவை. ஒரே மொழி பேசும் விருந்தினர் புதிய வீட்டிற்கு வந்தால் மொழிபெயர்ப்பாளர் தேவையில்லை. வாயில் எது, கிணறு எது என்று காட்டினால் போதும். அதுபோலவே, படம் வரையவும் ஒலி எழுப்பவும் கோப்பைத் திறக்கவும் ஆண்ட்ராய்டை நோக்கி விளையாட்டு விடுக்கும் வேண்டுகோள்களை ஒரு சிறு நிரல் இடைநின்று வீட்டாவின் பக்கம் திருப்பிவிடுகிறது. கண்ணாடித் திரையைக் கட்டைவிரலால் மறைத்தாடிய ஆட்டத்திற்கு மெய்யான பொத்தான்கள் வாய்த்தது மற்றொரு நன்மை.

இதனினும் பெரிய பயன் ஒன்றுண்டு. 2017இல் வந்த ஐஓஎஸ் 11, 32 பிட் மென்பொருள்களுக்குக் கதவடைத்தது. 2019இல் கூகுள் பிளே 64 பிட் வடிவத்தைக் கட்டாயமாக்கியது. 2022இல் வெளியான பிக்சல் 7 கைபேசி 64 பிட் மென்பொருள்களை மட்டுமே ஏற்றது. புதுப்பிக்க எவரும் முன்வராத பழைய விளையாட்டுகள், காசு கொடுத்தவர் கையிலேயே செயலற்றுப் போயின. அவற்றுட் சிலவற்றிற்கு வீட்டா புகலிடமாயிற்று. ஏடு செல்லரிக்குமுன் பெயர்த்தெழுதியோர் செய்த பணியோடு இதனை ஒப்பிடுதல் மிகையாகாது.

இது களவாகாதா என்று கேட்போர் உளர். தக்க கேள்வியே. இந்நிரலாளர்கள் விளையாட்டின் கோப்புகளை வழங்குவதில்லை. தாம் விலைக்கு வாங்கிய படியிலிருந்து பயனரே அவற்றை எடுத்துத் தருதல் வேண்டும் என்பது அவர்கள் வைத்த விதி. அவ்விதியை மீறித் திருட்டுப்படியை நாடுவோர் இந்நற்பணிக்கே இழுக்குத் தேடுகின்றனர். எனினும், கருவியின் பூட்டைத் திறந்தாலன்றி இப்பணி நடவாது. நிறுவனங்கள் அதனை விரும்புவதில்லை. விற்பனையும் பராமரிப்பும் நின்றுபோன பொருளை அதன் உடையவர் தம் சொந்தப் பயனுக்காகத் திறந்து செப்பனிடச் சட்டம் இடந்தருதல் வேண்டும் என்பதே நம் கருத்து. நிறுவனத்தார்க்கு அதனால் இழப்பில்லை. சமுதாயத்திற்கோ ஒரு காலத்தின் ஆக்கங்கள் எஞ்சும்.

இவ்வழிக்கும் எல்லையுண்டு. தொலைவிலுள்ள நிறுவனக் கணினியை நம்பியே இயங்கும் ஆட்டங்கள், அக்கணினி நின்ற அன்றே மறையும். எனவே காத்தல் என்பது பொருள் அழிந்தபின் தொடங்கும் முயற்சியாக இராமல், ஆக்கும்போதே எண்ணவேண்டிய கடமையாதல் வேண்டும்.

மாணவச் செல்வங்களே! விளையாட்டில் பொழுதைப் போக்குவோர் பலர். அது இயங்கும் வகையை ஆராய்வோர் சிலர். அச்சிலருள் ஒருவராகுங்கள். பழைய கருவியைத் தூக்கி எறியுமுன் அதனால் இன்னும் என்ன இயலும் என்று ஒருமுறை கேளுங்கள். பிறர் உழைப்பிற்குரிய விலையைக் கொடுத்து, கொடுத்த விலைக்குரிய உரிமையையும் கேட்டுப் பெறுங்கள்.