வீட்டில் எடிட் செய்யும் காணொளிக்குச் சப்டைட்டில்

வீட்டுக் கணினியில் எடிட் செய்யும் காணொளிக்குச் சப்டைட்டிலை இரண்டு விதமாகச் சேர்க்கலாம். ஒன்று, எழுத்தைப் படத்தோடு படமாகப் பதித்துவிடுவது. மற்றது, வசனத்தையும் அது வர வேண்டிய நேரத்தையும் தனிக் கோப்பில் வைத்து, ஓடும்போது பிளேயரே எழுத்தைக் காட்டும்படி விடுவது. பதித்ததை யாராலும் அணைக்க முடியாது; ஒரு எழுத்துப் பிழைக்கும் முழுப் படத்தையும் மறுபடி ரெண்டர் செய்ய வேண்டும். தனிக் கோப்பை எப்போது வேண்டுமானாலும் திருத்தலாம், ஆனால் அது படத்தை விட்டுப் பிரிந்து தொலைந்தும் போகும். கல்யாண வீடியோ ஸ்டூடியோக்கள் பலவற்றிலும், பாட்டியின் பேச்சைப் பதிந்து வைக்கும் வீடுகளிலும் மூன்றாவதாக ஒரு பழக்கம் உண்டு. மணமக்கள் பெயர் போடும் டைட்டில் கருவியையே எடுத்து, வசனம் வசனமாகத் தட்டி டைம்லைனில் அடுக்குவார்கள். பாதித் தொல்லை இங்கேதான் முளைக்கிறது. நடுவில் நாலு விநாடியை வெட்டினால், வெட்டோடு சேர்ந்து நகராத டிராக்கில் அதற்குப் பின்னால் இருக்கும் அத்தனை டைட்டிலும் இடம் பிசகும். அந்த வசனங்களை வேறொரு மொழியில் போட வேண்டுமென்றால் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். கடைசியில் படத்தில் பதிக்கத்தான் போகிறோம் என்றாலும், வேலை முடியும்வரை சப்டைட்டில் தனி உரைக்கோப்பாகவே இருப்பது நல்லது.

அந்தக் கோப்பு மிக எளியது. எஸ்ஆர்டி என்ற வடிவம், டிவிடியில் படமாக இருந்த சப்டைட்டில்களை எழுத்தாக மாற்றி எடுத்த சப்ரிப் என்ற மென்பொருளிலிருந்து வந்தது. ஒவ்வொரு வசனத்துக்கும் ஒரு வரிசை எண், அதன் கீழே 00:01:07,250 --> 00:01:10,900 என்பது போலத் தொடக்க நேரமும் முடிவு நேரமும், அதன் கீழே வசனம், பிறகு ஒரு வெற்று வரி. மில்லிவிநாடிக்கு முன்னால் வருவது காற்புள்ளி. இணைய உலாவிகளுக்கான வெப்விடிடி வடிவத்தில் அதே இடத்தில் முற்றுப்புள்ளி வரும். கோப்பை யுடிஎஃப்-8 குறியாக்கத்தில் சேமிக்காவிட்டால் தமிழ் முழுவதும் கேள்விக்குறியாகவோ கட்டங்களாகவோ தெரியும். பாமினி போன்ற பழைய எழுத்துருவில் தட்டிய வசனம் இங்கே உதவாது. அது உண்மையில் ஆங்கில எழுத்து வரிசை. தமிழாகக் காட்டியது எழுத்துரு மட்டுமே. யூனிகோடுக்கு மாற்றிய பிறகே அதைக் கோப்பில் ஒட்ட வேண்டும்.

நேரம் குறிப்பதற்கு முன்பே ஒரு வேலை முடிந்திருக்க வேண்டும். கைபேசிகள் பல, வெளிச்சம் குறைந்தால் ஃபிரேம் எண்ணிக்கையையும் குறைத்துக்கொள்ளும். இப்படி ஏறி இறங்கும் ஃபிரேம் வேகத்தைச் சில எடிட்டிங் செயலிகள் சீரான வேகம் என்று எண்ணிக்கொள்ள, சத்தமும் படமும் மெல்ல விலகும். ஹேண்ட்பிரேக் போன்ற கருவியால் மூலக் காட்சியை மாறாத ஃபிரேம் வேகத்துக்கு மாற்றிவிட்டு எடிட்டிங்கைத் தொடங்கினால் இந்த வம்பு இல்லை. ஃபிரேம் கணக்கு தரும் இன்னொரு தொல்லை டைம்கோடில் இருக்கிறது. விநாடிக்கு 29.97 ஃபிரேம் என்ற வேகத்தில் எண்களை விடாமல் எண்ணும் டைம்கோடு, ஒரு மணி நேரத்தில் கடிகாரத்துக்கு 3.6 விநாடி பின்தங்கிவிடும். எஸ்ஆர்டி நடப்பதோ கடிகார நேரத்தில். தொடக்கத்தில் பொருந்தி, போகப்போகச் சப்டைட்டில் முந்தினாலோ பிந்தினாலோ பழி பெரும்பாலும் இத்தகைய வேகக் கணக்கின் மேல்தான். முதல் வசனத்திலிருந்தே ஒரே அளவு விலகியிருந்தால் அது வெறும் தள்ளல். மொத்தக் கோப்பையும் நகர்த்தினால் சரியாகிவிடும்.

வசனம் எவ்வளவு நேரம் நிற்கலாம் என்பதற்கு நெட்ஃபிளிக்ஸின் பொது விதி ஒரு நல்ல தொடக்கம்: குறைந்தது ஒரு விநாடியில் ஆறில் ஐந்து பங்கு, அதிகம் போனால் 7 விநாடி, இரண்டு வரிக்கு மேல் இல்லை, அடுத்தடுத்த வசனங்களுக்கு நடுவே குறைந்தது இரண்டு ஃபிரேம் இடைவெளி. அந்த இடைவெளி இல்லாவிட்டால் எழுத்து மாறியதே கண்ணுக்குத் தெரியாது.

ஒரு வரிக்கு எத்தனை எழுத்து என்ற கேள்வியில்தான் தமிழ் தனி வழி போகிறது. ஆங்கிலத்துக்கு 42 என்ற வரம்பு பரவலாகப் புழங்குகிறது. அதை அப்படியே தமிழுக்கு வைத்தால் கணக்கு உதைக்கும். 'போய்க்கொண்டிருக்கிறார்கள்' என்ற ஒரே சொல் தமிழ் எண்ணிக்கையில் 13 எழுத்து. யூனிகோடு குறிகளாக எண்ணினால் 25. எந்தக் கணக்கை எடுப்பது என்பது செயலிக்குச் செயலி மாறும். இரண்டுமே திரையில் பிடிக்கும் இடத்தைச் சொல்வதில்லை. 'ர்' ஒல்லி, 'ணௌ' மூன்று ஆள் அகலம். ஆகவே தமிழுக்கு எண்ணிக்கையை விட அகலத்தை அளப்பதே நம்பகமானது: தேர்ந்தெடுத்த எழுத்துரு அளவில், திரையின் இருபுறமும் ஓரம் விட்டு, மிக நீண்ட வரி அடங்குகிறதா என்று பார்ப்பது. அடங்கவில்லையென்றால் எழுத்தைச் சிறிதாக்குவதை விட வசனத்தை இரண்டாகப் பிரிப்பதே சரி. பிரிக்கும் இடம் மூச்சு விடும் இடமாக இருக்க வேண்டும். 'வேலைக்குப் போன' என்று ஒரு வரியை முடித்து, 'பையன் திரும்பவில்லை' என்று அடுத்த வரியைத் தொடங்கினால் பெயரெச்சம் தன் பெயரைத் தேடி அந்தரத்தில் நிற்கும்.

தமிழ்ப் பேச்சுக்குத் தமிழிலேயே சப்டைட்டில் போடும்போது, பேச்சு வழக்கா எழுத்து வழக்கா என்று தீர்மானித்தாக வேண்டும். காது மந்தமான பெரியவர்களுக்காகப் போடுகிற வீடுகளில் இது தினப் பிரச்சினை. பாட்டி 'வந்துட்டேன்' என்று சொல்ல, திரையில் 'வந்துவிட்டேன்' என்று வந்தால் அது பாட்டியின் குரல் இல்லை. யாழ்ப்பாணத்துக்காரர் 'வந்திட்டன்' என்றதையும் கோவைக்காரர் 'வந்துட்டேனுங்க' என்றதையும் ஒரே அச்சில் வார்ப்பது இன்னும் மோசம். ஆனால் ஒலியை அப்படியே எழுதினால் வேறொரு குழி காத்திருக்கிறது. பேச்சில் 'வந்தாள்' என்பதும் 'வந்தால்' என்பதும் 'வந்தா' என்றே முடிகின்றன. 'வந்தான்' மூக்கொலியில் மட்டும் வேறுபடுகிறது. மூன்றையும் 'வந்தா' என்று எழுதினால் வந்தது அவனா, அவளா, அல்லது இனிமேல்தான் வரவேண்டுமா என்பது வாசிப்பவருக்குப் புரியாது. கதைகளின் உரையாடல்களில் புழங்கிப் பழகிய பேச்சு வடிவங்களை வைத்துக்கொண்டு, பொருள் குழம்பும் இடத்தில் மட்டும் ஈற்றெழுத்தை முழுதாகக் காட்டுவது தக்க நடுவழி.

டொராண்டோவில் வளரும் பேரப்பிள்ளைகளுக்காக ஆங்கிலத்தில் போடும்போது தொல்லை சொற்களின் வரிசையில் வருகிறது. தமிழில் வினை கடைசியில் நிற்கும், மறுப்பும் அங்கேதான். 'அந்த நிலத்தை வித்துடுன்னு அப்பா சொல்லவே இல்ல' என்று தாத்தா இழுத்து நிறுத்திச் சொல்வதை ஆங்கிலத்தில் நேரே போட்டால், 'இல்ல' என்பது முதல் சொற்களிலேயே வெளிப்பட்டுவிடும். தாத்தா வாய் திறந்து முடிப்பதற்குள் பேரன் முடிவைப் படித்திருப்பான். இத்தகைய இடங்களில் வாக்கியத்தை இரண்டு துண்டாக்கி, மறுப்பை இரண்டாம் துண்டுக்குத் தள்ளும்படி மொழிபெயர்ப்பைத் திருப்பி எழுத வேண்டும். உறவுப் பெயர்கள் அடுத்த சிக்கல். அத்தை, சித்தி, பெரியம்மா மூவருக்கும் ஆங்கிலம் ஒரே சொல்லைத்தான் தரும்; குடும்பக் காணொளியில் அந்த வேறுபாடுதான் கதையே. அச்சொற்களை மொழிபெயர்க்காமல் ஆங்கில எழுத்தில் அப்படியே விடுவது நல்லது. பிள்ளைகள் ஒரு காட்சியில் கற்றுக்கொண்டுவிடுவார்கள்.

பேச்சைக் கேட்டுத் தானே எழுதும் கருவிகளில் ஓபன்ஏஐ 2022 செப்டம்பரில் வெளியிட்ட விஸ்பர் வீட்டுக் கணினியிலும் ஓடும், தமிழும் அறியும். நேரக் குறியோடு ஒரு முதல் வரைவை அது தருவது பெரிய உதவி. ஆனால் பேச்சில்லாத இடத்திலும் அது சும்மா இருப்பதில்லை. கைதட்டலுக்கும் நாதஸ்வரத்துக்கும் யாருமே பேசாத வாக்கியத்தைப் புனைந்து வைக்கக்கூடும். ஊர்ப்பெயர், ஆட்பெயர்களில் அதை நம்பவே கூடாது. வரைவை முழுக்க ஒருமுறை காதால் கேட்டுத் திருத்தாமல் வெளியே விடுவது தொழிலாகாது.

பதிக்கும் நேரத்தில் எழுத்துருவும் எழுத்தை அடுக்கும் இயந்திரமும் சோதிக்கப்படும். ஒற்றைக்கொம்பு மெய்யெழுத்துக்கு இடப்புறம் வர வேண்டும்; யூனிகோடு வரிசையிலோ அது மெய்க்குப் பின்னால் சேமிக்கப்படுகிறது. இதை அறியாத மென்பொருள் கொம்பை வலப்புறம் தள்ளிவிடும். சில சமயம் புள்ளிவட்டத்தோடு தனியே நிறுத்தும். அடோபி பிரீமியர் புரோவில் இப்படி நேர்ந்தால், கிராஃபிக்ஸ் விருப்பத் தேர்வுகளில் தெற்காசிய, மத்தியக் கிழக்கு எழுத்து முறைக்கான இயந்திரத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டும். எஃப்எஃப்எம்பெக் வழியாகப் பதிப்பவர்களுக்கு லிப்ஆஸ் நூலகம் அந்த வேலையைச் செய்யும், அது ஹார்ஃப்பஸ் என்ற எழுத்தடுக்கும் இயந்திரத்தின் துணையோடு கட்டப்பட்டிருந்தால். நோட்டோ சான்ஸ் தமிழ், விண்டோஸில் வரும் நிர்மலா ஆகிய இரண்டும் சிறிய அளவிலும் தெளிவாக நிற்கும். வெள்ளை எழுத்துக்குக் கருப்பு விளிம்பு கட்டாயம். கல்யாண மண்டபத்து விளக்கொளியில் வெள்ளை வேட்டிகள் மேல் விழுந்த எழுத்து விளிம்பில்லாமல் காணாமல் போகும். செங்குத்துக் காணொளியில் அடிப்பகுதியைச் செயலியின் பொத்தான்கள் மூடுவதால், வரி கொஞ்சம் மேலே ஏற வேண்டும்.

எங்கே அனுப்பப் போகிறோம் என்பதைப் பொறுத்தே பதிப்பதா பிரித்து வைப்பதா என்ற முடிவு. வாட்ஸ்ஆப்பில் போகும் காணொளிக்குப் பதித்தே ஆக வேண்டும். யூடியூபுக்குத் தனிக் கோப்பே மேல். தமிழும் ஆங்கிலமுமாக இரண்டையும் ஏற்றலாம், பார்ப்பவர் விரும்பியதைத் தேர்ந்துகொள்வார். பென் டிரைவில் டிவிக்குப் போகுமானால், படக் கோப்புக்கும் எஸ்ஆர்டிக்கும் ஒரே பெயர் வைத்து ஒரே ஃபோல்டரில் போட வேண்டும். தமிழ் அடுக்கத் தெரியாத டிவிகளும் உள்ளதால், வாடிக்கையாளர் வீட்டு டிவியிலேயே ஒருமுறை ஓட்டிப் பார்ப்பது உத்தமம். எப்படிக் கொடுத்தாலும், எழுத்து பதிக்காத சுத்தமான பிரதி ஒன்றும் எஸ்ஆர்டி கோப்பும் காப்பகத்தில் சேர்ந்தே இருக்க வேண்டும்.