மரத்துப்போகும் கை சோம்பேறிக் கையல்ல

தோட்டத் தொழிலாளிக்குக் கை வலித்தால் கோடாலித் தைலம். கை மரத்தால் வாயு. பிடித்த பொருள் கை நழுவி விழுந்தால் சோம்பேறித்தனம். இப்படி ஒரு நோயாளியின் வழக்கை விசாரணையின்றி முடித்துவிடும் வழக்கம் நம்மிடையே நெடுங்காலமாக இருந்து வருகிறது. இவ்வழக்கம் ஒழிந்தாக வேண்டும்.

கோலகங்சாரில் 1877ஆம் ஆண்டில் நடப்பட்ட ரப்பர் மரங்களுள் ஒன்று இன்றும் நிற்கிறது. அதற்கு வேலியும் உண்டு, பெயர்ப்பலகையும் உண்டு. ஆனால் அம்மரத்தின் இனத்தைப் பேராக் முழுவதும் வெட்டிப் பால் சுமந்த தோள்களை யார் கவனித்தார்கள்? காண்டாக் கம்பின் இருமுனையிலும் வாளி தொங்க, மேடு பள்ளம் பாராமல் நிரை நிரையாய் நடந்த தலைமுறை இன்று முதுமையில் இருக்கிறது. அவர்களுள் சிலர், “சுண்டுவிரலும் மோதிரவிரலும் மரத்துப்போகின்றன, தலை வாரக் கையைத் தூக்கினால் உயிர் போகிறது” என்று சொல்லக் கேட்கிறோம். வயதாகிவிட்டது என்று நாமே பதில் சொல்லி அனுப்பிவிடுகிறோம்.

இப்படிப்பட்ட வேதனைக்குக் காரணமாகக்கூடிய ஒரு நோயைப் பற்றித் தொழிலாளத் தோழர்கள் அறிந்திருப்பது அவசியம். மருத்துவர்கள் அதைத் தொராசிக் அவுட்லெட் சிண்ட்ரோம் என்பர். 1956ஆம் ஆண்டில் அமெரிக்க மருத்துவர்கள் இட்ட பெயர் அது. நம் மொழியில் சொன்னால் தோள்வாயில் நெரிவு எனலாம்.

கழுத்தடியில், காறை எலும்புக்கும் முதல் விலா எலும்புக்கும் இடையே ஒடுங்கிய வழி ஒன்று உண்டு. கைக்குப் போகும் நரம்புக் கற்றை, இரத்தம் கொண்டுசெல்லும் தமனி, அதைத் திருப்பிக் கொண்டுவரும் சிரை ஆகிய மூன்றும் இவ்வழியாகத்தான் சென்றாக வேண்டும். கழுத்துத் தசைகள் இறுகினாலும், தோள் முன்னும் கீழுமாகச் சரிந்தாலும், அடிபட்டாலும் வழி மேலும் ஒடுங்குகிறது. 100க்கு ஒருவருக்கும் குறைவானவர்களுக்குக் கழுத்தில் கூடுதல் விலா எலும்பு ஒன்று பிறவியிலேயே அமைந்திருக்கும். அதுவும் ஒரு காரணம். இந்நோய் கண்டவர்களில் 100க்கு 90 பேருக்கு மேல் நெரிபடுவது நரம்பே. வலி, மரமரப்பு, பிடி தளர்தல் எல்லாம் அதனால் வருபவை.

தோளில் பாரம் அழுந்துவதும், கையை மேலே தூக்கியபடி ஓயாமல் உழைப்பதும் இதை வளர்க்கக்கூடியவை. நம் வேலை எது என்று பாருங்கள். தலைக்கு மேலே கையை நீட்டி மேல்வெட்டு வெட்டுவது நம் வேலை. நீண்ட கம்பில் அரிவாள் கட்டி அண்ணாந்தபடி செம்பனைக் குலை அறுப்பது நம் வேலை. மருந்துப் பம்பின் வார் இரு தோள்களையும் அழுத்த நாள் முழுதும் மருந்தடிப்பது நம் வேலை. தோட்டங்கள் வீட்டுமனைகளாக மாறிய பின் நம் பிள்ளைகள் ஈப்போ, மெங்லெம்பு தொழிற்சாலைகளுக்குப் போனார்கள். அங்கும் உயரமான மேசையில் கையைத் தூக்கி ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்பவர்களுக்கு இத்தொல்லை வரலாம்.

எனினும், கை மரத்தவர் எல்லாருக்கும் இந்நோய்தான் என்று முடிவு கட்டுவதும் தவறு. கட்டைவிரல், ஆள்காட்டிவிரல், நடுவிரல் மரத்து, இரவில் எழுப்பினால் மணிக்கட்டில் நரம்பு நெரிந்திருக்கலாம். கழுத்தெலும்பின் இடைவட்டு பிதுங்கினாலும் கை மரக்கும். நீரிழிவினாலும் நரம்பு கெடும். அது பெரும்பாலும் காலில்தான் தொடங்கும். ஆகவே மருத்துவர் பார்த்துப் பிரித்தறிய வேண்டும்.

இரண்டு நிலைகளில் ஒரு நாளும் தாமதிக்கக் கூடாது. கடும் உழைப்புக்குப் பின் கை திடீரென வீங்கி நீலம் பாய்ந்தால் சிரையில் இரத்தம் உறைந்திருக்கலாம். கை சில்லிட்டு வெளுத்து, விரல் நுனியில் புண் கண்டால் தமனி அடைபட்டிருக்கலாம். அன்றே பெரிய மருத்துவமனைக்குச் செல்லுங்கள். நெஞ்சுவலியோடு இடக்கை வலித்தால் அது இதய நோயாக இருக்கக்கூடும். தைலம் தேடி நேரத்தைப் போக்காதீர்கள்.

இனி முக்கியமான செய்தி. இந்நோயை ஐயமற நிலைநாட்டும் ஒற்றைச் சோதனை கிடையாது. எக்ஸ்ரே கூடுதல் எலும்பைக் காட்டும். நரம்புச் சோதனையோ பலருக்குக் குறையொன்றும் இல்லை என்றே வரும். இரு கைகளையும் உயர்த்தி, விரல்களை 3 நிமிடம் மூடித் திறக்கச் செய்து மருத்துவர் பார்ப்பதுண்டு. அதுவும் முடிந்த முடிவன்று. மருத்துவர்களுக்குள்ளேயே இதில் கருத்து வேற்றுமை இருக்கிறது. சோதனைத் தாளில் ஒன்றும் தெரியவில்லை என்பதற்காகத் தொழிலாளி பொய் சொல்கிறார் என்று கொள்வது எந்த வகையில் நியாயம்?

சிகிச்சையைக் கேட்டு அஞ்ச வேண்டியதில்லை. நரம்பு நெரிந்தவர்களுக்கு முதற்சிகிச்சை கத்தியன்று, உடற்பயிற்சியே. இறுகிய கழுத்துத் தசையை மெல்லத் தளர்த்துவதும், தோள்பட்டையைத் தாங்கும் தசையை வலுப்படுத்துவதும், நிமிர்ந்து நிற்கவும் வயிற்றால் மூச்சு விடவும் பழக்குவதும் அதில் அடங்கும். இவற்றை இயன்முறைப் பயிற்சியாளரிடம் கற்று, வாரக்கணக்கில், சிலர் மாதக்கணக்கில் விடாமல் செய்ய வேண்டும். பலருக்கு இதிலேயே குணம் தெரியும். கழுத்தை வெடுக்கென்று திருப்பிச் சொடுக்கெடுப்பது வேண்டாம். பயிற்சியால் தீராதவர்க்கும், தசை மெலிந்துவருபவர்க்கும், இரத்தக்குழாய் நெரிந்தவர்க்கும் அறுவை உண்டு; கழுத்துத் தசையை விடுவித்து, முதல் விலாவை அகற்றுவார்கள்.

அரசாங்கச் சுகாதார நிலையத்தில் குடிமக்களுக்கு 1 வெள்ளிதான் கட்டணம். அங்கிருந்து கடிதம் பெற்றால் ஈப்போ ராஜா பெர்மாய்சூரி பைனுன் மருத்துவமனை நிபுணரைப் பார்க்க வழி உண்டு. ஆனால் பயிற்சி செய்துவிட்டு மறுநாள் அதே பாரத்தைச் சுமந்தால் நோய் எப்படித் தீரும்? இங்குதான் சங்கத்தின் வேலை தொடங்குகிறது.

1969ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புச் சட்டப்படி, வேலையினால் வரும் நோய்க்கும் சொக்சோவில் இழப்பீடு கோரலாம். 2019 ஜனவரி முதல் அந்நிய நாட்டுத் தொழிலாளரும் அதில் சேர்க்கப்பட்டனர். ஆனால் நோய்க்கும் வேலைக்கும் உள்ள தொடர்பைக் காட்டியாக வேண்டும். அதற்கு எழுத்து வேண்டும். நான் செக்ரோல் எழுதும் கிராணி. எத்தனை கிலோ பால், எத்தனை குலை என்று எழுத என் புத்தகத்தில் கட்டம் உண்டு. கை மரத்தது என்று எழுதக் கட்டம் இல்லை. எழுதப்படாத நோய் இல்லாத நோயாகிவிடுகிறது.

ஆகவே, தோழர்களே, கை மரத்த அன்றே மருத்துவரிடம் செல்லுங்கள். என்ன வேலை செய்கிறீர்கள், எவ்வளவு பாரம், எத்தனை ஆண்டு என்பதை அவரிடம் சொல்லி எழுதச் செய்யுங்கள். சீட்டின் நகலைப் பத்திரப்படுத்துங்கள். சங்கக் கிளைகள் நிர்வாகத்திடம் மூன்றைக் கேட்க வேண்டும்: கை உயர்த்தும் வேலையை ஆள் மாற்றித் தருவது, பம்புக்கு அகன்ற மெத்தை வார் தருவது, நோயுற்றவர்க்குச் சம்பளம் குறையாமல் இலகுவான வேலை தருவது. இவற்றுள் முதல் இரண்டும் 1994ஆம் ஆண்டின் தொழிலிடப் பாதுகாப்புச் சட்டம் முதலாளிமீது சுமத்தியுள்ள கடமையின் பாற்பட்டவையே. தருமம் கேட்பதாக யாரும் எண்ண வேண்டியதில்லை.

தொழிலாளிக்கு நிலமில்லை, பணமில்லை. கைகளே அவருடைய முதல். அம்முதல் தேய்வதைக் கணக்கில் எழுதச் செய்வது நம் கடமை. அடுத்த கிளைக் கூட்டத்திலேயே இதைப் பேசுவோம்.